நாற்காலிக்கு நியாயம் கேட்பது எங்கே?

சென்ற சித்திரை மாதத்தில் ஒரு நாள் மாலை. நாமக்கல் மலைக்கோட்டையின் மேல் வெயில் தணிந்துகொண்டிருந்தது. நாம் வீட்டுத் திண்ணையில் உட்கார்ந்து பரீட்சைக் காகிதங்களைத் திருத்திக்கொண்டிருந்தோம். வாசலில் ஒரு மோட்டார் சைக்கிள் வந்து நின்றது. அதிலிருந்து ஒரு தகப்பனாரும் மகளும் இறங்கினார்கள். தகப்பனார், லாரிக்குப் பாடி கட்டும் பட்டறை ஒன்றில் முப்பது வருஷங்களாக வேலை செய்கிறவர். மகள் நம்மிடம் பத்தாம் வகுப்பு வரையில் படித்தவள். இப்போது தாவர சாஸ்திரத்தில் டாக்டர் பட்டம் பெற்றிருக்கிறாள். அந்தக் குடும்பத்தில் காலேஜ் வாசலை மிதித்த முதல் ஆள் அவள்தான்.

அவள் கையில் ஒரு தடித்த காகிதக் கட்டு இருந்தது. முகத்திலோ, அழுது முடித்தவர்களிடம் காணப்படும் ஒரு வித அமைதி.

விஷயம் இதுதான். நமது ராஜ்யத்தின் வேறொரு மூலையிலுள்ள ஒரு சர்வகலாசாலையில் - பெயர் இங்கே வேண்டாம் - உதவிப் பேராசிரியர் உத்தியோகங்கள் இரண்டு காலியாக இருந்தன. இவள் மனுப் போட்டாள்; நேர்காணலுக்கும் போய் வந்தாள். இரண்டு இடங்களும் வேறு இருவருக்குப் போயின. தன்னைக் காட்டிலும் தகுதி குறைந்தவர்கள் செல்வாக்கினால் உள்ளே போய்விட்டார்கள் என்பது அவளுடைய திடமான நம்பிக்கை. ஊரில் யோசனை சொல்லுகிறவர்களுக்குப் பஞ்சமா? "லோகாயுக்தாவுக்கு எழுது" என்றார் ஒருவர். "வேந்தராகிய கவர்னருக்கு எழுது" என்றார் இன்னொருவர். "சர்வகலாசாலையிலேயே ஆம்பட்ஸ்மன் என்று ஒருவர் இருக்கிறாராம், அவரைப் பிடி" என்றார் மூன்றாமவர். "நேரே ஹைகோர்ட்டுக்குப் போ" என்றார் நாலாமவர்.

"ஏனுங்க வாத்தியாரய்யா, நாலு கதவு இருக்குதுங்கறாங்க. எதைத் தட்டினா திறக்குமுங்க?" என்று கேட்டார் தகப்பனார்.

நமக்கு உடனே விடை சொல்லத் தெரியவில்லை. பத்து நாள் தவணை கேட்டோம். அந்தப் பத்து நாட்களில் தீர்ப்புகளைப் புரட்டியும், வக்கீல் நண்பர்களை நச்சரித்தும் தெரிந்துகொண்டவற்றை நேயர்களுக்கும் சொல்லிவிடுவது நலம் என்று நினைக்கிறோம். பட்டம் பெற்றுவிட்டு உத்தியோகத்துக்குக் காத்திருக்கும் பிள்ளையோ பெண்ணோ இல்லாத வீடு இன்று சேலம், நாமக்கல் சீமையில் எத்தனை இருக்கும்?

சேலத்தில் பழைய வழக்கு ஒன்று

பொதுப் பதவி சம்பந்தமாக நியாயஸ்தலத்தின் படியேறுவது நம் ஜில்லாவுக்குப் புதிய காரியம் அல்ல. சேலம் விஜயராகவாசாரியாரை நேயர்கள் அறிவார்கள். 1920-ல் நாகபுரி காங்கிரஸ் மகாசபைக்குத் தலைமை வகித்தவர். அதற்கு வெகு காலம் முன்பு, 1882-ல் சேலத்தில் நடந்த கலகத்தில் அவரையும் சம்பந்தப்படுத்திப் பத்து வருஷத் தண்டனை விதித்தார்கள். சென்னை ஹைகோர்ட்டில் முறையிட்டு அவர் விடுதலை பெற்றார். அத்துடன் நின்றாரா? சேலம் முனிசிபாலிடியில் தாம் வகித்த அங்கத்தினர் பதவியைச் சர்க்கார் பறித்ததும் தவறு என்று வழக்காடினார். நூறு ரூபாய் நஷ்டஈடும் பெற்றார்.

நூறு ரூபாய் பெரிய தொகையல்ல. ஆனால் ஒருவரைப் பொதுப் பதவியில் வைப்பதும் எடுப்பதும் ஆளுவோரின் மனம்போன போக்கில் நடக்கக் கூடாது, சட்டத்துக்குப் பதில் சொல்லியாக வேண்டும் என்பதை அன்னிய ஆட்சிக் காலத்திலேயே ஒரு சேலத்துக்காரர் நிலைநாட்டிவிட்டார். சுயராஜ்யத்தில் அந்தக் கொள்கை எப்படி இருக்கிறது என்பதுதான் நம் கேள்வி.

குறை கேட்கும் அதிகாரி

முதலில் இந்த ஆம்பட்ஸ்மன் யார் என்று பார்ப்போம். சர்க்கார் உத்தியோகஸ்தர்களின் பேரில் ஜனங்கள் கொடுக்கும் புகாரை, சர்க்காருக்குக் கட்டுப்படாமல் விசாரித்துச் சொல்லும் அதிகாரிக்கு இப்பெயர். 1809-ல் ஸ்வீடன் தேசத்து அரசியல் சட்டத்தில் பிறந்த பதவி இது. நம் நாட்டில் 1963-ல் எல். எம். சிங்வி இதற்கு 'லோக்பால்' என்ற பெயரைச் சூட்டினார். 1966-ல் நிர்வாகச் சீர்திருத்தக் கமிஷன், மத்தியில் லோக்பாலும் ராஜ்யங்களில் லோகாயுக்தாவும் வேண்டும் என்று சிபார்சு செய்தது. மகாராஷ்டிரம் 1971-லும், கேரளம் 1999-லும் சட்டம் இயற்றின. மத்திய லோக்பால் சட்டம் 2013-ல் தான் நிறைவேறிற்று. தமிழ்நாடோ, சுப்ரீம் கோர்ட்டு கெடு வைத்த பிறகு 2018 ஜூலையில் சட்டம் செய்துகொண்டது.

இனி, சர்வகலாசாலை உத்தியோகத் தகராறு ஒன்று லோகாயுக்தாவிடமும் போய், கோர்ட்டிலும் ஏறினால் என்ன ஆகும் என்பதற்கு உதாரணம் தேடி நாம் வெகுதூரம் போக வேண்டியதில்லை. பாலக்காட்டுக் கணவாயைத் தாண்டினால் போதும்.

ஒரே கடிதம், இரண்டு தீர்ப்பு

கேரளத்தில் கண்ணூர் சர்வகலாசாலையின் துணைவேந்தராக கோபிநாத் ரவீந்திரன் என்ற சரித்திரப் பேராசிரியர் 2017 நவம்பரில் நியமிக்கப்பட்டார். நாலு வருஷப் பதவிக்காலம் 2021 நவம்பரில் முடிவடைய வேண்டும். புதியவரைத் தேர்ந்தெடுப்பதற்காக விளம்பரமும் வெளியாகிவிட்டது. அச்சமயத்தில் உயர்கல்வி மந்திரி ஆர். பிந்து வேந்தராகிய கவர்னருக்குக் கடிதம் எழுதினார். புதிய தேர்வை ரத்து செய்துவிட்டு, இருப்பவரையே மறுபடி நியமிக்கலாம் என்பது கடிதத்தின் சாரம். கடிதத்தின் தேதி நவம்பர் 22. மறுநாளே மறுநியமன உத்தரவு பிறந்துவிட்டது.

எதிர்க்கட்சியைச் சேர்ந்த ரமேஷ் சென்னித்தலா, மந்திரியின் பேரில் லோகாயுக்தாவிடம் புகார் கொடுத்தார். 2022 பிப்ரவரி 4 அன்று லோகாயுக்தா அந்தப் புகாரைத் தள்ளிவிட்டது. மந்திரி ஒரு யோசனை சொன்னார். ஏற்பதும் மறுப்பதும் கவர்னரின் உரிமை. அதில் பதவி துஷ்பிரயோகம் ஏதும் இல்லை என்பது அதன் முடிவு.

இதே மறுநியமனத்தை எதிர்த்துத் தனியாக ஒரு வழக்கும் நடந்தது. கேரள ஹைகோர்ட்டில் தனி நீதிபதியும், பிறகு இரு நீதிபதிகள் கொண்ட பெஞ்சும் அதைத் தள்ளினார்கள். வழக்கு சுப்ரீம் கோர்ட்டுக்குப் போயிற்று. 2023 நவம்பர் 30 அன்று மூன்று நீதிபதிகள் தீர்ப்புச் சொன்னார்கள். அந்தத் தீர்ப்பை நாம் இரண்டு தடவை படித்தோம்.

ஒருமுறை துணைவேந்தராக இருந்தவரை மறுபடி நியமிக்கச் சட்டம் இடம் கொடுக்கிறதா? கொடுக்கிறது என்றது கோர்ட்டு. அறுபது வயதுக்கு மேற்பட்டவரை நியமிக்கக் கூடாது என்ற விதி மறுநியமனத்துக்குப் பொருந்துமா? பொருந்தாது என்றது. மறுபடியும் தேர்வுக் குழு அமைக்க வேண்டுமா? வேண்டியதில்லை என்றது. இப்படி மூன்று கேள்விகளிலும் துணைவேந்தர் பக்கமே பேசிவிட்டு, நாலாவது கேள்வியில் நியமனத்தை ரத்து செய்துவிட்டது. நாலாவது கேள்வி யாதெனில், முடிவு செய்தது யார் என்பது. சட்டம் அந்த அதிகாரத்தை வேந்தரிடம் கொடுத்திருக்கிறது. வேந்தர் தாமாக யோசித்து முடிவு செய்ய வேண்டியதை, சர்க்காரின் குறுக்கீட்டுக்கு உட்பட்டு விட்டுக்கொடுத்துவிட்டார். ஆகையால் நியமனம் செல்லாது என்றார்கள்.

ஒரே கடிதந்தான். ஒரு சபை அதைக் குற்றமில்லை என்றது. இன்னொரு சபை அதன் விளைவைச் செல்லாது என்றது. இரண்டில் ஒன்று தவறாக இருக்க வேண்டும் என்று முதலில் நமக்கும் தோன்றிற்று. நிதானமாக யோசித்தபோது அப்படியல்ல என்பது புலப்பட்டது. லோகாயுக்தாவின் முன் இருந்த கேள்வி, "இந்த மந்திரி முறைகேடு செய்தாரா?" என்பது. கோர்ட்டின் முன் இருந்த கேள்வி, "இந்த நியமனம் சட்டப்படி நடந்ததா?" என்பது. முன்னது ஆளைப் பற்றியது. பின்னது காரியத்தைப் பற்றியது. ஒருவரும் லஞ்சம் வாங்காமல், ஒருவரும் உறவினருக்குச் சலுகை காட்டாமல், ஒரு நியமனம் சட்ட விரோதமாக இருக்க முடியும். இதைத்தான் நாம் அந்தப் பெண்ணுக்கு முதலில் விளக்கிச் சொன்னோம்.

லோகாயுக்தா குற்றம் என்று சொன்னால்?

எதிர்ப்பக்கத்து உதாரணமும் கேரளத்திலேயே கிடைக்கிறது. கே. டி. ஜலீல் உயர்கல்விக்கும் சிறுபான்மையினர் நலனுக்கும் மந்திரியாக இருந்தார். சிறுபான்மையினருக்கான சர்க்கார் நிதிக் கார்ப்பரேஷனில் ஜெனரல் மானேஜர் பதவிக்கு உரிய தகுதியை மாற்றி, தம் உறவினரை நியமித்தார் என்பது அவர்மேல் வந்த புகார். இது சர்வகலாசாலை உத்தியோகமல்ல, ஆனாலும் பொதுப் பணத்தில் நடக்கும் ஸ்தாபனத்து உத்தியோகம், வழியும் அதுவே. 2021 ஏப்ரல் 9 அன்று லோகாயுக்தா, புகார் உண்மை என்றும், அவர் மந்திரியாக நீடிக்கக் கூடாது என்றும் பிரகடனம் செய்தது. 13-ந் தேதி அவர் ராஜிநாமா செய்தார். விசாரணை சட்டப்படி நடக்கவில்லை என்று அவர் தொடுத்த வழக்கை ஹைகோர்ட்டு அதே மாதம் 20-ந் தேதி தள்ளிவிட்டது. சுப்ரீம் கோர்ட்டும் பின்னர் தலையிடவில்லை.

அவ்வளவு வலுவான பிரகடனத்துக்கு இடம் கொடுத்தது கேரளச் சட்டத்தின் பதினாலாவது பிரிவு. 2022-ல் கேரளச் சட்டசபை அந்தப் பிரிவைத் திருத்தியது. லோகாயுக்தாவின் முடிவைச் சர்க்கார் தரப்பில் பரிசீலித்து, ஏற்கவோ நிராகரிக்கவோ இடம் வைத்தார்கள். அந்த மசோதாவுக்கு 2024-ல் ஜனாதிபதியின் சம்மதம் கிடைத்தது. ஆக, பல்லுள்ள லோகாயுக்தா கடித்துக் காட்டிய ஒரு வருஷத்துக்குள் பல்லைப் பிடுங்கும் வேலை ஆரம்பமாகிவிட்டது!

லோகாயுக்தாக்கள் காகிதப் புலிகளாக இருக்கலாகாது, தக்க அதிகாரம் அவற்றுக்கு வேண்டும் என்று ஆந்திரத்திலிருந்து வந்த ஒரு வழக்கில் சுப்ரீம் கோர்ட்டு வெகு நாளைக்கு முன்பே சொல்லியிருக்கிறது. ஆனால் அதே சுப்ரீம் கோர்ட்டு 2023 டிசம்பரில், கேரளத்து உப லோகாயுக்தா நில வருவாய் அதிகாரிகளுக்கு நேரடியாக இட்ட கட்டளையை ரத்து செய்தது. சட்டம் சிபார்சு செய்யும் அதிகாரத்தைத்தான் கொடுத்திருக்கிறது. இன்னதைச் செய் என்று கட்டளையிடும் அதிகாரத்தைக் கொடுக்கவில்லை என்பது காரணம். இரண்டுக்கும் முரண்பாடு இல்லை. பல் வேண்டும் என்றால் சட்டசபை கொடுக்க வேண்டும். லோகாயுக்தா தானே முளைக்கவைத்துக்கொள்ள முடியாது.

கோர்ட்டு எதைப் பார்க்கும்?

லோகாயுக்தாவின் உத்தரவை எதிர்த்து ஹைகோர்ட்டுக்குப் போகிறவர்கள் சாதாரணமாக ஒரு தவறு செய்கிறார்கள். அது அப்பீல் என்று எண்ணி, சாட்சியத்தை எல்லாம் மறுபடி முதலிலிருந்து எடைபோடச் சொல்லுகிறார்கள். அரசியல் சட்டத்தின் 226-வது ஷரத்தின் கீழ் ஹைகோர்ட்டு செய்வது அப்பீல் விசாரணை அல்ல. விசாரித்தவருக்கு அந்த விஷயத்தை விசாரிக்க அதிகாரம் இருந்ததா? பாதிக்கப்படுகிறவருக்குத் தன் கட்சியைச் சொல்ல அவகாசம் தரப்பட்டதா? முடிவுக்கு ஆதாரம் என்று ஏதாவது இருந்ததா, காரணம் சொல்லப்பட்டதா? துவேஷமோ புறம்பான நோக்கமோ கலந்ததா? கோர்ட்டு பிரதானமாகக் கேட்பது இவைதாம். நமது பள்ளிக்கூட பாஷையில் சொன்னால், விடைத்தாளை மறுபடி திருத்துவது வேறு. பரீட்சை ஒழுங்காக நடந்ததா, கூட்டல் சரியா என்று பார்ப்பது வேறு. கோர்ட்டு செய்வது இரண்டாவது.

நியமனத்தையே எதிர்க்கும்போதும் இதே நியாயந்தான். 1963-ல் மைசூர் சர்வகலாசாலை வழக்கு ஒன்று சுப்ரீம் கோர்ட்டுக்கு வந்தது. இங்கிலீஷ் ரீடர் பதவிக்கு ஒருவரை நிபுணர் குழு தேர்ந்தெடுத்தது. மைசூர் ஹைகோர்ட்டு அந்த நியமனத்தை ரத்து செய்தது. சுப்ரீம் கோர்ட்டு ஹைகோர்ட்டின் தீர்ப்பை மாற்றியது. கல்வித் தகுதியைப் பற்றி நிபுணர்கள் சொன்ன அபிப்பிராயத்தில், கெட்ட எண்ணம் கற்பிக்கப்படாதபோது, கோர்ட்டுகள் எளிதில் கை வைக்கலாகாது என்பது அதன் சாரம். 'கோ வாரண்டோ' என்னும் ரிட்டைப் பற்றியும் அந்தத் தீர்ப்பு விளக்குகிறது. "எந்த அதிகாரத்தின் பேரில் நீர் இந்த நாற்காலியில் அமர்ந்திருக்கிறீர்?" என்று கேட்பது அந்த ரிட்டு. பதவி பொதுப் பதவியாக இருந்து, நியமனம் சட்டத்துக்கு விரோதமாக இருந்தால், தனக்கு நஷ்டம் இல்லாத சாமான்யப் பிரஜையும் அதைக் கேட்கலாம்.

ஆனால் எது சட்டம் என்பதிலேயே சில சமயம் தகராறு வந்துவிடுகிறது. மதுரை காமராஜ் சர்வகலாசாலையின் துணைவேந்தர் கல்யாணி மதிவாணனின் நியமனத்தை 2014-ல் ஹைகோர்ட்டு ரத்து செய்தது. 2015 மார்ச்சில் சுப்ரீம் கோர்ட்டு அவர் பக்கம் தீர்ப்பளித்தது. சர்வகலாசாலை மானியக் கமிஷனின் 2010-ம் வருஷத்து விதிகளைத் தமிழ்நாடு சுவீகரிக்காததால், அவை இங்கே கட்டாயமல்ல என்றார்கள். ஏழு வருஷம் கழித்து, 2022 மார்ச்சில், குஜராத்தின் சர்தார் படேல் சர்வகலாசாலை வழக்கில், கமிஷனின் விதிகளுக்கு மாறான துணைவேந்தர் நியமனம் செல்லாது என்று சுப்ரீம் கோர்ட்டு ரத்து செய்தது. அதே வருஷம் அக்டோபரில் கேரளத் தொழில்நுட்பச் சர்வகலாசாலையின் துணைவேந்தர் நியமனமும் அப்படியே போயிற்று. இந்த மூன்று வழக்குகளிலும் சண்டை, கமிஷனின் விதி நியமனத்தைக் கட்டுப்படுத்துமா என்பதுதான்.

மற்ற தேசங்களில்

மற்ற தேசத்தார் இந்தச் சிக்கலை எப்படிச் சமாளிக்கிறார்கள்? இங்கிலாந்தில் பழைய சர்வகலாசாலைகளுக்கு 'விசிட்டர்' என்று ஒருவர் உண்டு. உள்வீட்டுச் சண்டைகளை அவர்தாம் தீர்ப்பார். ஹல் சர்வகலாசாலையில் வேலை இழந்த தத்துவ விரிவுரையாளர் ஒருவர் கோர்ட்டுக்குப் போனபோது, விசிட்டர் தம் அதிகார எல்லைக்குள் செய்த சட்டத் தவறைக்கூடக் கோர்ட்டு திருத்தாது. எல்லை மீறினாலோ, அதிகாரத்தைத் துஷ்பிரயோகம் செய்தாலோ, இயற்கை நியாயத்தை மீறினாலோதான் தலையிடும் என்று 1992-ல் பிரபுக்கள் சபை தீர்ப்பளித்தது. ஜனங்களுக்கு இது திருப்தி தரவில்லை போலும். 2004-ம் வருஷத்து உயர்கல்விச் சட்டம், மாணவர் குறைகளையும் ஊழியர் வழக்குகளையும் விசிட்டரின் கையிலிருந்து எடுத்துவிட்டது. பிலிப்பைன்ஸ் தீவுகளில் நிலைமை நேர் எதிர். 1987-ம் வருஷத்து அரசியல் சட்டப்படி அமைந்த ஆம்பட்ஸ்மன், சர்க்கார் சர்வகலாசாலை ஊழியர்கள் உள்பட உத்தியோகஸ்தர்களுக்குத் தண்டனையே விதிக்கலாம். அப்படிப்பட்ட உத்தரவுகளின் மேல் அப்பீல் கோர்ட்டுக்குப் போக வேண்டும் என்று அங்குள்ள சுப்ரீம் கோர்ட்டு 1998-ல் முடிவு செய்தது. தண்டிக்கும் அதிகாரம் இருக்குமிடத்தில் முழு அப்பீலும் இருக்கிறது. நம் நாட்டில் போல் சிபார்சு மட்டும் இருக்குமிடத்தில் கோர்ட்டின் பார்வையும் குறுகியதாக இருக்கிறது.

நம் ஊர் நிலைமை

சேலம் கருப்பூரில் உள்ள பெரியார் பல்கலைக்கழகம் 1997-ல் ஏற்பட்டது. சேலம், நாமக்கல், தர்மபுரி, கிருஷ்ணகிரி ஆகிய நாலு ஜில்லாக் காலேஜுகளுக்கும் அதுவே தாய். நியமனங்கள் உள்பட அங்கே எழுந்த புகார்களை ஆராய 2023-ல் ராஜ்ய சர்க்கார் குழு ஒன்றை அமைத்ததைப் பத்திரிகை படிப்பவர்கள் அறிவார்கள். புகாரின் உண்மை பொய்யைப் பற்றி நாம் ஒன்றும் சொல்லத் துணியவில்லை. குழு விசாரணை என்பது ஐந்தாவது கதவு என்பதை மட்டும் குறித்துக்கொள்வோம்.

மற்ற கதவுகளில், மாணவர்களுக்கான ஆம்பட்ஸ்பர்சன் பதவி, மானியக் கமிஷன் 2023 ஏப்ரலில் செய்த விதிகளின்படி அமைவது. ஓய்வு பெற்ற துணைவேந்தரோ, பேராசிரியரோ, ஜில்லா ஜட்ஜோ இப்பதவியில் இருக்கலாம். காலேஜில் இடம் கொடுப்பது, இட ஒதுக்கீடு, உபகாரச் சம்பளம், பரீட்சை முடிவு முதலிய மாணவர் குறைகள் அவரிடம் போகும். முதலில் காலேஜின் குறைதீர்க்கும் குழுவிடம் போய், அதன் முடிவு திருப்தி தராவிட்டால் பதினைந்து நாட்களுக்குள் அவரிடம் முறையிட வேண்டும். பிள்ளைகளைக் காலேஜுக்கு அனுப்பும் பெற்றோர் இதை அவசியம் நினைவில் வைக்க வேண்டும். ஆனால் ஆசிரியர் உத்தியோகத் தகராறு அவருடைய வேலை அல்ல.

தமிழ்நாட்டு லோகாயுக்தாவைப் பற்றி ஒரு வார்த்தை. 2018 ஜூலை 9 அன்று மசோதா நிறைவேறியபோதே, நியமனங்களும் ஒப்பந்தங்களும் விசாரணைக்கு அப்பால் வைக்கப்பட்டுவிட்டன என்று குறை கூறி எதிர்க்கட்சியார் வெளிநடப்புச் செய்தார்கள். ஆகவே, நியமனத்தைப் பற்றிய மனுவோடு அங்கே போவதற்கு முன், சட்டத்திலுள்ள விலக்குகளை ஒரு வக்கீலுடன் உட்கார்ந்து படித்துவிடுவது உத்தமம். திரும்பி வரும் மனுவுக்காகக் காத்திருக்கும் மாதங்கள், பிறகு கோர்ட்டில் "இத்தனை நாள் என்ன செய்தீர்?" என்ற கேள்வியாக முளைக்கும். ரிட்டு மனுவுக்குத் திட்டமான கெடு இல்லை. ஆனால் காரணமில்லாத தாமதத்தைக் கோர்ட்டு மன்னிப்பதில்லை.

இன்னும் இரண்டு சங்கதிகள். உத்தியோகம் கிடைத்தவரையும் வழக்கில் கட்சியாகச் சேர்க்க வேண்டும். அவர் பேச்சைக் கேட்காமல் அவர் சோற்றில் கை வைக்க முடியாது. அன்றியும், தேர்வு முறையைத் தெரிந்துகொண்டே ஆட்சேபமின்றிக் கலந்துகொண்டு, தோற்ற பிறகு அந்த முறையே தவறு என்று சொன்னால் சாதாரணமாகக் கோர்ட்டு காது கொடுப்பதில்லை.

காகிதம் பேசிற்று

பத்து நாள் கழித்து அவர்கள் வந்தபோது, இத்தனையும் சொல்லிவிட்டு நாம் ஒரு யோசனை கூறினோம். "அம்மா, ஐந்து கதவையும் இப்போதைக்கு விட்டுவிடு. முதலில் பத்து ரூபாய் செலவு செய். தகவல் அறியும் உரிமைச் சட்டப்படி உனக்கு இட்ட மதிப்பெண் விவரத்தையும், தேர்வுக் குழுவின் நடவடிக்கைக் குறிப்பையும் கேள். முப்பது நாளில் பதில் சொல்லியாக வேண்டும். உன்னிடம் இப்போது இருப்பது கோபம். கோர்ட்டு கேட்பது காகிதம்."

அவளுக்கு அது ருசிக்கவில்லை. "அவர்கள் செய்தது அக்கிரமம் என்று எல்லோருக்கும் தெரியும், ஐயா" என்றாள். இருந்தாலும் எழுதிப் போட்டாள். முப்பது நாளில் பதில் வரவில்லை. அதே காரியாலயத்தின் மேலதிகாரிக்கு முதல் அப்பீல் எழுதிய பிறகு வந்தது.

காகிதங்களை அவள் நம் திண்ணையிலேயே பிரித்துப் பார்த்தாள். முதல் இடத்துக்குத் தேர்ந்தெடுக்கப்பட்டவருக்கு ஆராய்ச்சிக் கட்டுரைகளும் போதனா அனுபவமும் இவளைக் காட்டிலும் அதிகம். வெகு நேரம் அந்தப் பக்கத்தையே பார்த்துக்கொண்டிருந்தாள். பிறகு, "இவரை நான் தப்பாகப் பேசிவிட்டேன், ஐயா" என்றாள். இரண்டாவது இடத்தின் சங்கதி வேறு. நேர்காணலுக்கு என்று தனியே இருக்க வேண்டிய கட்டம் காலியாகக் கிடந்தது. மொத்தம் மட்டும் எழுதியிருந்தது. யார், எப்பொழுது, எத்தனை இட்டார்கள் என்பதற்குக் குறிப்பே இல்லை.

"எல்லோரும் அக்கிரமக்காரர்கள்" என்று ஆரம்பித்த புகார், "இந்த ஒரு கட்டம் ஏன் காலியாக இருக்கிறது?" என்ற கேள்வியாகச் சுருங்கிவிட்டது. அதைக் கேட்கத்தான் அவள் ஹைகோர்ட்டுக்குப் போயிருக்கிறாள். ஆளைப் பற்றி மனுவில் ஒரு வார்த்தை இல்லை. வழக்கு இன்னும் தீரவில்லை. ஜயிப்பாளா என்பதை நாம் அறியோம். இதற்கிடையில் அவள் திருச்செங்கோட்டுப் பக்கத்தில் ஒரு பள்ளிக்கூடத்தில் பாடம் சொல்லிக்கொடுக்கிறாள்.

லோகாயுக்தா வேண்டாம் என்று நாம் சொல்லவில்லை. பதவியில் இருப்பவர் சலுகை காட்டினார் என்பதற்கு ஆதாரம் இருந்தால், சட்டம் இடம் கொடுக்குமானால், அந்தக் கதவையே தட்ட வேண்டும். ஜலீல் விஷயத்தில் அது திறந்தது. நாற்காலி செல்லுமா செல்லாதா என்பதே கேள்வியானால், கோர்ட்டுக்குப் போக வேண்டும். சர்வகலாசாலைகளோ, வழக்கே வேண்டாம் என்று நினைத்தால், அதற்கு வழி எளிது. தேர்வு முடிந்த அன்றே ஒவ்வொரு மனுதாரருக்கும் அவரவர் மதிப்பெண்ணை வகைவாரியாக அனுப்பிவிட வேண்டியதுதான். நாம் வகுப்பில் நாற்பது பிள்ளைகளுக்கு விடைத்தாளைத் திருப்பிக் கொடுக்கிறோம். அவர்கள் கூட்டலைச் சரிபார்த்துக்கொண்டு, தவறு இருந்தால் எழுந்து நின்று கேட்கிறார்கள். இதனால் நம் கௌரவம் ஒன்றும் குறைந்துவிடவில்லை.

அன்று விடைபெறும்போது தகப்பனார் வாசலில் நின்று சொன்னார்: "நாங்க பாடி கட்டி முடிச்சா, எந்தத் தகடு எங்கே போட்டோம், எத்தனை கிலோன்னு லாரிக்காரர் கையில எழுதிக் குடுத்திருவோமுங்க. அதைக் கேக்கறது அவர் பாத்தியதைங்க."

பட்டறையில் நடப்பது சர்வகலாசாலையிலும் நடந்தால், நாம் பத்து நாள் சட்டப் புத்தகம் புரட்ட வேண்டியிருந்திராது.